கார் விற்றவர் எடுத்த படம்: ஆர். நடராஜ முதலியாரின் கதை

  வழக்கம்போல வடக்குப்பட்டிலிருந்துதான் பேசுறேன். நடுவில் ஷிஃப்ட் பஸ் ஹாரன் கேட்டால் கண்டுக்காதீங்க. எழுத்து வடிவத்தில் படிக்கிறவங்களுக்கு அந்தத் தொல்லை கிடையாது, கொடுத்து வைத்தவர்கள்.

பிரேசில் சினிமாவைப் பற்றிப் பேசினதுக்கு அப்புறம் நிறைய பேர் ஒரே கேள்வியைத்தான் அனுப்பியிருந்தீங்க. "பிரேசில்ல இண்டிபெண்டன்ட் புரொட்யூசர்னு ஒருத்தரோட வாழ்க்கையையே எடுத்துப் பேச முடியுது. நம்ம ஊர்ல அப்படி யாரைச் சொல்வீங்க?" நல்ல கேள்வி. ஹீரோ வரலாறு நமக்குத் தெரியும். டைரக்டர் வரலாறும் ஓரளவு தெரியும். தயாரிப்பாளர் என்றால் போஸ்டரில் மேலே சின்னதாக வரும் பெயர், ஆடியோ லாஞ்சில் முன்வரிசையில் உட்காரும் வெள்ளைச் சட்டை, அவ்வளவுதான்.

அதனால் இன்றைக்கு முதல் ஆளிடமே போகலாம் என்று முடிவு பண்ணினேன். தென்னிந்தியாவில் கதைப்படம் என்ற ஒன்றை முதன்முதலில் தயாரித்தவர் ஆர். நடராஜ முதலியார். படத்தின் பெயர் 'கீசக வதம்'. வெளியான ஆண்டை 1917 என்று சிலரும் 1918 என்று சிலரும் எழுதுகிறார்கள்.

இந்த ஏரியாவில் உட்கார்ந்து அவரைப் பற்றிப் பேச எனக்கு ஒரு தனிக் காரணமும் இருக்கு. ஒரகடத்தில் 'தயாரிப்பு' என்று சொன்னால் யாருக்கும் சினிமா ஞாபகம் வராது. ரெனோ நிசான் ஞாபகம் வரும், பாரத்பென்ஸ் லாரி ஞாபகம் வரும், என்ஃபீல்டு புல்லட் ஞாபகம் வரும். நடராஜ முதலியார் சினிமாவுக்கு வருவதற்கு முன்னால் என்ன வேலை பார்த்தார் தெரியுமா? அமெரிக்கக் கார்களையும் உதிரிபாகங்களையும் இறக்குமதி பண்ணி விற்றார். நம்ம சினிமாவின் முதல் தயாரிப்பாளர் ஆட்டோமொபைல் துறையிலிருந்து வந்தவர்.

25 ரூபாய் சைக்கிள்

1885இல் வேலூரில் பிறந்தவர். வசதியான குடும்பம். வியாபாரம் செய்ய வேண்டும் என்று சென்னைக்கு வந்தார். உறவினரான எஸ்.எம். தர்மலிங்க முதலியாருடன் கூட்டுச் சேர்ந்து முதலில் ஆரம்பித்தது சைக்கிள் கடை. ஒரு சைக்கிள் 25 ரூபாய். 1911இல் இரண்டு பேரும் சேர்ந்து ரோமர் டான் என்ற கம்பெனியை வாங்கினார்கள். வெளிநாட்டுக் கார் இறக்குமதி செய்யும் கம்பெனி.

அன்றைய சென்னையை நினைத்துப் பாருங்க. கார் என்பது ராஜாக்கள், ஜமீன்தார்கள், பெரிய வக்கீல்கள், வெள்ளைக்கார அதிகாரிகள் வாங்கும் பொருள். அதை விற்க ஒரு ஷோரூம் மட்டும் போதாது. பணம் இருக்கிறவன் யார் என்று தெரியணும். கப்பலில் சரக்கு எப்போது வரும் என்று தெரியணும். வண்டி நின்றுபோனால் எந்தப் பாகம் போயிருக்கு, அது எங்கே கிடைக்கும் என்று தெரியணும். நம்பிக் கடன் கொடுக்கிற ஆட்கள் நாலு பேர் இருக்கணும்.

இந்த நாலும் ஒரு சினிமா தயாரிப்பாளருக்கும் வேணும். அதனால்தான் அவருடைய கார் வியாபாரத்தை நான் வெறும் முன்கதையாகப் பார்க்கவில்லை. இயந்திரத்தையும் முதலீட்டையும் ஒரே நேரத்தில் கையாளத் தெரிந்த ஆளுக்குத்தான் 1915இல் சினிமா என்ற யோசனையே சாத்தியம்.

கேமராவைக் கற்றுக்கொண்டது

அவருக்குப் புகைப்படத்தில் ஆர்வம் உண்டு. 1913இல் தாதாசாஹேப் பால்கே 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்தார். அதைப் பார்த்த முதலியாருக்கு, நாமும் எடுத்தால் என்ன என்று தோன்றியது.

தோன்றுவது சுலபம். சொல்லிக்கொடுக்க ஆள் வேண்டுமே. பிலிம் இன்ஸ்டிட்யூட் கிடையாது, யூடியூப் கிடையாது, புத்தகம்கூடச் சரியாகக் கிடையாது. புனேயில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்று ஓர் ஆங்கிலேய ஒளிப்பதிவாளர் இருந்தார். முதலியார் அவரிடம் போய்க் கேமராவை எப்படிச் சுற்றுவது, பிலிமை எப்படிப் பயன்படுத்துவது என்று அடிப்படைகளைக் கற்றுக்கொண்டார்.

ஒரு வியாபாரி, முப்பது வயதை ஒட்டிய ஆள், பணம் போடப்போகிற தொழிலின் மிகக் கீழ்மட்ட வேலையை முதலில் தானே கற்றுக்கொள்கிறார். நம்ம ஆபீஸில் இதை எத்தனை மேனேஜர்கள் செய்வார்கள் என்று நீங்களே யோசிச்சுக்கோங்க, நான் பெயர் சொல்லமாட்டேன்.

திரும்பி வந்தவர் 1915இல் இந்தியா பிலிம் கம்பெனியை ஆரம்பித்தார். தென்னிந்தியாவின் முதல் படத் தயாரிப்பு நிறுவனம். தொழிலில் பழக்கமானவர்களே பங்கு போட்டார்கள். கேமரா வில்லியம்சன், 35 மில்லிமீட்டர். தஞ்சாவூர்ப் பக்கத்தில் மூப்பனார் என்ற நிலக்கிழாரிடம் இருந்ததை, பிரிண்டருடன் சேர்த்து 1,800 ரூபாய்க்கு வாங்கினார் என்று பதிவு இருக்கு. 25 ரூபாய் சைக்கிள் கணக்கில் அது 72 சைக்கிள்.

புரசைவாக்கம் மில்லர்ஸ் சாலையில் ஸ்டூடியோ போட்டார்கள். ஸ்டூடியோ என்றதும் ஏசி ஃப்ளோர், லைட் எல்லாம் கற்பனை பண்ணாதீங்க. படப்பிடிப்புக்கு விளக்கு சூரியன்தான். மெல்லிய வெள்ளைத் துணியைத் திரையாகக் கட்டி, வெயிலை வடிகட்டி, நடிகர்கள் மேல் விழவைத்தார்கள். இன்றைக்கும் ஷார்ட் பிலிம் எடுக்கும் பசங்க மொட்டைமாடியில் வெள்ளை வேட்டியைக் கட்டி அதே வேலையைத்தான் செய்றாங்க.

என்ன கதை எடுப்பது?

நாடக உலகின் பெரிய ஆள் பம்மல் சம்பந்த முதலியார் அவருக்கு நண்பர். திரௌபதியையும் கீசகனையும் பற்றிய மகாபாரதக் கதையை எடுக்கலாம் என்று யோசனை சொன்னவர் அவர்தான். முதல் படத்துக்கே இப்படி ஒரு கதையா என்று உறவினர்கள் சிலர் முகம் சுளித்தார்கள். அஞ்ஞாதவாசத்தில் பணிப்பெண்ணாக இருக்கும் திரௌபதியை ஓர் அதிகாரம் படைத்த ஆள் தொந்தரவு செய்கிறான், பீமன் அவனைக் கொல்கிறான். மங்களகரமான ஆரம்பம் இல்லைதான். முதலியார் கேட்கவில்லை, அதையே எடுத்தார்.

வியாபார ரீதியாகப் பார்த்தால் அது சரியான தேர்வு என்றுதான் நினைக்கிறேன். மௌனப் படம், வசனம் கேட்காது. கதை தெரியாதவனுக்குப் பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை அட்டை போட்டு விளக்க வேண்டியிருக்கும். பாரதக் கதை என்றால் கிராமத்தில் தெருக்கூத்து பார்த்தவனுக்கும் தெரியும், கொழும்பில் இருக்கிறவனுக்கும் தெரியும், ரங்கூனில் இருக்கிறவனுக்கும் தெரியும். கீசகன் வந்ததுமே கூட்டத்துக்குப் பல் நறநறக்கும்.

நாடக மேடையிலிருந்து நடிகர்களைக் கொண்டுவந்தார். ராஜு முதலியார் கீசகன், ஜீவரத்தினம் திரௌபதி. திரைக்கதைக்கு ரங்கவடிவேலு என்ற நண்பர் உதவினார். உடை, நகை, நிற்கும் விதம் எல்லாவற்றுக்கும் ரவிவர்மாவின் ஓவியங்கள் முன்மாதிரி. இடையில் வரும் எழுத்து அட்டைகள் தமிழ், ஆங்கிலம், இந்தி என்று மூன்று மொழியில். அந்த இந்தி அட்டைகளில் காந்தியின் மகன் தேவதாஸ் காந்தியின் பங்கு இருக்கு. 'பான் இந்தியா ரிலீஸ்' என்று இன்றைக்கு ஏதோ புதுசாகக் கண்டுபிடித்த மாதிரிப் பேசுறாங்க. நம்ம ஊர் முதல் படமே மூன்று மொழி அட்டையோடுதான் வந்திருக்கு.

12,000 சுற்று

இப்போ கொஞ்சம் கணக்கு போடலாம். இன்ஜினியரிங் படிச்சதுக்கு இதுக்காவது உதவட்டும்.

படத்தின் நீளம் சுமார் 6,000 அடி. 35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம். அன்றைய மௌனப் பட வேகம் வினாடிக்கு 16 பிரேம். ஆக ஒரு வினாடிக்கு ஓர் அடி ஓடும். 6,000 அடி என்றால் 6,000 வினாடி, அதாவது 100 நிமிடம். மொத்தம் 96,000 பிரேம்.

கேமராவுக்கு மோட்டார் கிடையாது, கைப்பிடியைச் சுற்றணும். வழக்கமான கேமராவில் ஒரு சுற்றுக்கு 8 பிரேம் ஓடும். அப்போ வினாடிக்கு இரண்டு சுற்று. திரையில் வந்த நீளத்துக்கு மட்டும் 12,000 சுற்று. வெட்டி எறிந்த துண்டுகளுக்குச் சுற்றினது தனி. சுற்றும் கை கொஞ்சம் தளர்ந்தால் திரையில் பீமன் ஓடுவான், கொஞ்சம் வேகமானால் நீந்துவான். எத்தனை முறை எடுத்துப் பார்க்கலாம் என்றால், பிலிமுக்குக் கொடுக்கப் பணம் இருக்கிற வரைக்கும். இந்தியாவில் கச்சா பிலிம் தயாரிக்க ஊட்டியில் ஹிந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் நிறுவனம் வந்ததே 1960இல்தான். அது வரைக்கும் ஒவ்வோர் அடியும் கப்பலில் வந்து இறங்கணும்.

மொத்தப் படப்பிடிப்பு ஐந்து வாரத்தை ஒட்டி முடிந்தது. செலவு சுமார் 35,000 ரூபாய். சைக்கிள் கணக்கில் 1,400 சைக்கிள். ஒரு சைக்கிள் கடைக்காரர் தன் கடையில் இருக்கும் 1,400 சைக்கிளைக் கடலில் தள்ளிவிட்டு, அலை திருப்பிக் கொண்டுவந்து போடுமா என்று கரையில் நிற்கிற மாதிரி. தயாரிப்பாளர் என்பவர் அந்தக் கரையில் நிற்கிற ஆள்.

பெங்களூரில் லேப்

எனக்கு இந்தக் கதையில் ரொம்பப் பிடித்த பகுதி இது.

பிலிமைக் கழுவ வேண்டும். அதன் மேல் இருக்கும் பூச்சு ஜெலட்டின். தண்ணீர் சூடானால் ஜெலட்டின் இளகும், படம் வழிந்துவிடும். சென்னையில் குழாயைத் திறந்தால் பாதி வருஷம் வெந்நீர்தானே வருது! ரெஃப்ரிஜரேஷன் வைத்து லேப் கட்ட முடியாத காலம். முதலியார் என்ன செய்தார்? லேபை பெங்களூரில் வைத்தார். அங்கே குளிர் அதிகம். நாராயணசாமி ஆசாரி என்பவர் அதைப் பார்த்துக்கொண்டார். முதலியார் வார இறுதிகளில் எடுத்த பிலிமைத் தூக்கிக்கொண்டு ரயிலேறி பெங்களூர் போய், கழுவிப் பார்த்துவிட்டு வருவார்.

கோட் எழுதுறவங்களுக்கு இந்த வலி புரியும். இன்றைக்கு ஒரு வரி மாற்றி ரன் பண்ணினால் ரெண்டு நிமிஷத்தில் தப்பு தெரிந்துவிடும். அவருக்குத் தப்பு தெரிய ஒரு வாரம். திங்கட்கிழமை எடுத்த ஷாட்டில் முகம் இருட்டாக விழுந்திருக்கு என்பது ஞாயிற்றுக்கிழமை, 350 கிலோமீட்டர் தள்ளித் தெரியும். அதற்குள் நடிகருக்குக் கூலி கொடுத்தாச்சு, செட்டைப் பிரிச்சாச்சு. அப்படி இருந்தும் ஐந்து வாரத்தில் முடித்தார் என்றால், ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால் எவ்வளவு யோசித்திருப்பார் என்று பாருங்க.

வார நாளில் மில்லர்ஸ் சாலை, வார இறுதியில் பெங்களூர் ரயில். சென்னைக்கும் பெங்களூருக்கும் நடுவில் அல்லாடிய முதல் டெக் ஆள் இவர்தான் என்று நான் விளையாட்டாகச் சொல்வதுண்டு.

வசூல்

மவுண்ட் ரோட்டில் எல்பின்ஸ்டன் தியேட்டரில் படம் வெளியானது. சென்னையோடு நிற்கவில்லை. இந்தியாவின் மற்ற ஊர்கள், பர்மா, இலங்கை, மலாயா, சிங்கப்பூர் வரை போனது. தமிழர்கள் எங்கே வேலைக்குப் போனார்களோ அங்கேயெல்லாம் பெட்டி போனது. வசூல் 50,000 ரூபாய் என்றும், செலவு போக 15,000 ரூபாய் நின்றது என்றும் வரலாற்றாசிரியர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். அந்தக் காலத்தில் அது பெரிய பணம்.

அடுத்தடுத்துப் படங்கள் வந்தன. 'திரௌபதி வஸ்திராபஹரணம்', 'லவ குசா', 'ருக்மிணி சத்யபாமா', 'மயில்ராவணா', 'மார்க்கண்டேயா' என்று எல்லாம் புராணம். திரௌபதியாக நடிக்கப் பெண்கள் முன்வராத நிலையில், 'வஸ்திராபஹரண'த்துக்கு மரின் ஹில் என்ற ஆங்கிலோ இந்தியப் பெண்ணை நடிக்கவைத்தார்.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்கணும். பணம் திரட்டுவது அவர். கேமரா அவர். இயக்கம் அவர். பிலிம் கழுவுவதை மேற்பார்வை பார்ப்பதும் அவர். வெளியூருக்குப் பெட்டி அனுப்பும் கம்பெனியும் அவருடையது. இண்டிபெண்டன்ட் என்று சொல்கிறோமே, 1918இல் எதிலிருந்து இண்டிபெண்டன்ட்? சார்ந்திருக்க ஒரு தொழில் இருந்தால்தானே விலகி நிற்பதற்கு! அவருக்கு முன்னால் இங்கே எதுவும் கிடையாது. எல்லாவற்றையும் தானே செய்ததற்குக் காரணம் கொள்கை இல்லை, வேறு ஆள் இல்லை என்பதுதான்.

தீ

எங்க தொழிலில் 'சிங்கிள் பாயின்ட் ஆஃப் ஃபெயிலியர்' என்று ஒன்று சொல்வோம். ஒரே ஒரு இடம் உடைந்தால் மொத்தமும் நின்றுபோகும் என்றால், அந்த இடத்துக்கு அதுதான் பெயர்.

1923இல் ஸ்டூடியோவில் தீ விபத்து. அந்தக் காலத்து பிலிம் நைட்ரேட். எரிவதற்குத் தேவையான ஆக்சிஜனைத் தனக்குள்ளேயே வைத்திருக்கும் பொருள். ஒருமுறை பிடித்தால் தண்ணீருக்கு அடியிலும் எரியும். அதே காலத்தில் அவர் தன் மகனையும் இழந்தார். அத்தோடு முதலியார் சினிமாவை விட்டு விலகிவிட்டார். அப்போது வயது 38.

படங்கள் தோற்றதால் அவர் போகவில்லை, வசூல் இருந்தது. கம்பெனி என்பது அவர்தான், அவர் உடைந்தபோது கம்பெனியும் உடைந்தது. கைமாற்றிக் கொடுக்க இரண்டாவது ஆள் இல்லை. அதுதான் தனியாள் தயாரிப்பின் பலம், அதுதான் பலவீனம்.

அவருக்கு அப்புறமும் சென்னையில் சினிமா நிற்கவில்லை. தியேட்டர் நடத்தின ரகுபதி வெங்கய்யாவும் அவர் மகன் பிரகாஷும் வந்தார்கள். 1929இல் ஏ. நாராயணன் ஜெனரல் பிக்சர்ஸ் கார்ப்பரேஷனை ஆரம்பித்தார். 1931இல் 'காளிதாஸ்' பேசியது. 1930களில் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் மாதிரி, மாதச் சம்பளத்துக்கு ஆள் வைத்து, கிட்டத்தட்ட ஃபேக்டரி போலப் படம் எடுக்கும் ஸ்டூடியோக்கள் வந்தன.

முதலியார் 1971 வரை இருந்தார். யோசிச்சுப் பாருங்க. வெயிலைத் துணியில் வடிகட்டிப் படம் எடுத்த மனிதர், பேசும் படம் வந்ததைப் பார்த்தார், கலர் வந்ததைப் பார்த்தார், திரைக்கதை வசனம் எழுதிய அண்ணாதுரை 1967இல் முதலமைச்சரானதைப் பார்த்தார், இன்னொரு வசனகர்த்தாவான கருணாநிதி 1969இல் அதே நாற்காலியில் உட்கார்ந்ததையும் பார்த்தார். அவர் சுற்ற ஆரம்பித்த கைப்பிடி அவ்வளவு தூரம் ஓடியது.

ஒரு பிரேம்கூட இல்லை

இப்போ கஷ்டமான விஷயத்துக்கு வரேன். 'கீசக வதம்' இன்றைக்கு இல்லை. 96,000 பிரேமில் பார்ப்பதற்கு ஒன்றுகூட மிஞ்சவில்லை. அவருடைய மற்ற படங்களும் இல்லை. நான் இவ்வளவு நேரம் பேசினதெல்லாம் பேட்டிகள், நினைவுகள், வரலாற்றாசிரியர்கள் எழுதிவைத்த குறிப்புகள்தான்.

நான் பேசிக்கொண்டிருக்கும் இந்த வடக்குப்பட்டில் 2022இல் இந்தியத் தொல்லியல் துறை அகழாய்வு செய்தது. பத்தாயிரம் ஆண்டுக்கும் மேல் பழையவை என்று சொல்லப்படும் கற்கருவிகள் கிடைத்தன. பக்கத்தில் கார் கம்பெனி, நடுவில் குழி, குழிக்குள்ளே கல்லைச் செதுக்கியவனின் கைவேலை. அந்த ஆள் செய்தது மிஞ்சியிருக்கு. நூறு வருஷத்துக்கு முன்னால், இங்கிருந்து பஸ் பிடித்தால் போய்ச் சேருகிற புரசைவாக்கத்தில் செய்தது மிஞ்சவில்லை. கல் பேக்கப் எடுக்காமலே தாங்கும். பிலிம் தாங்காது, ஹார்ட் டிஸ்க் அதைவிடத் தாங்காது.

தென்னிந்திய மௌனப் படங்களில் இன்றைக்கும் பார்க்கக் கிடைப்பது என்று எல்லோரும் சுட்டுவது ஒரே படத்தை. 'மார்த்தாண்ட வர்மா', 1933. தயாரித்தவர் நாகர்கோவில்காரர் ஆர். சுந்தர்ராஜ். அது எப்படித் தப்பியது தெரியுமா? சி.வி. ராமன் பிள்ளையின் நாவலை அனுமதியில்லாமல் எடுத்தார் என்று புத்தகப் பதிப்பாளர் வழக்குப் போட்டார். படம் முடங்கியது. சுந்தர்ராஜுக்குப் பெரிய அடி. ஆனால் பெட்டி அந்தப் பதிப்பகத்திடமே பல பத்தாண்டுகள் கிடந்தது, 1974இல் புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குப் போனது. நல்லா ஓடின படங்கள் ஊர் ஊராகச் சுற்றித் தேய்ந்து அழிந்தன. ஓட முடியாத படம் பிழைத்தது. தயாரிப்பாளரை அழித்த வழக்குதான் படத்தைக் காப்பாற்றியது.

அதே குமரிப் பக்கத்து ஆள்தான் ஜே.சி. டேனியல். நிலத்தை விற்று 'விகதகுமாரன்' எடுத்தார், மலையாளத்தின் முதல் படம். அதில் நாயர் பெண்ணாக நடித்த தலித் பெண் பி.கே. ரோசி ஊரைவிட்டே துரத்தப்பட்டார். டேனியல் கடைசியில் அகஸ்தீஸ்வரத்தில் வறுமையில் இறந்தார். இன்றைக்குக் கேரள அரசின் பெரிய சினிமா விருது அவர் பெயரில் இருக்கு. படம் இல்லை.

இது நம்ம ஊர்ப் பிரச்சினை மட்டும் இல்லை. பிரேசிலில் 1990இல் அரசின் படநிறுவனமான எம்பிராபில்மேவை ஒரே முடிவில் மூடினார்கள். படத் தயாரிப்பே கிட்டத்தட்ட நின்றுபோனது. 1993இல் வரிச்சலுகைச் சட்டம் வந்த பிறகுதான் சின்னத் தயாரிப்பாளர்கள் மறுபடி எழுந்தார்கள். அந்த எழுச்சியின் நீட்சிதான் 2025இல் 'அயாம் ஸ்டில் ஹியர்' வாங்கிய ஆஸ்கர். ஆனால் அதே நாட்டில் 2021 ஜூலையில் சாவ் பாவ்லோவில் சினிமா ஆவணக் காப்பகத்தின் கிடங்கு எரிந்தது. எடுப்பதற்குச் சட்டம் போட்டார்கள், வைத்துக்கொள்வதில் கோட்டை விட்டார்கள்.

இன்றைய ஆட்கள்

முதலியார் வழியில் வெளித்தொழிலிலிருந்து வந்து படம் எடுத்த ஆள் நம்ம காலத்திலும் உண்டு. சி.வி. குமார். டிராவல்ஸ் தொழிலில் இருந்தவர். 2012 ஆகஸ்டில் 'அட்டகத்தி', அக்டோபரில் 'பீட்சா', 2013 மே மாதம் 'சூது கவ்வும்'. ஒன்பது மாதத்தில் மூன்று புது டைரக்டர். பா. ரஞ்சித், கார்த்திக் சுப்பராஜ், நலன் குமாரசாமி. பின்னால் 'தெகிடி', 'முண்டாசுப்பட்டி', 'இன்று நேற்று நாளை'.

அவருக்கும் முதலியாருக்கும் இருக்கும் வித்தியாசம்தான் எனக்கு முக்கியமாகப் படுது. குமார் ஆரம்பத்தில் எல்லாவற்றையும் தானே செய்யவில்லை. 'நாளைய இயக்குநர்' நிகழ்ச்சியில் ஷார்ட் பிலிம் எடுத்துத் தேறிய ஆட்களை எடுத்தார். ரிலீசுக்கு ஸ்டூடியோ கிரீன் மாதிரிப் பெரிய கம்பெனியின் தோளைப் பிடித்தார். ஒரு படம் போனாலும் இன்னொன்று தாங்கும் என்று வரிசையாக வைத்தார். தானே டைரக்ட் பண்ணினது 2017இல், 'மாயவன்'. முதலியாருக்குக் கிடைக்காத ஒன்று இவருக்குக் கிடைத்தது: சுற்றி ஒரு தொழில், கைமாற்றிக் கொடுக்க ஆட்கள்.

நம்ம காரிடாரில் எனக்குத் தெரிந்தே நாலைந்து டீம் ஷார்ட் பிலிம் எடுக்குது. லைனில் வேலை பார்க்கிறவங்க, ஹாஸ்டல் பிள்ளைங்க, ஐ.டி. பசங்க. நைட் ஷிஃப்ட் முடிச்சிட்டு, தூங்காம, ஞாயிற்றுக்கிழமை வெளிச்சத்தில் எடுக்கிறாங்க. எல்லா டீமிலும் டைரக்டர் இருக்கார், டிஓபி இருக்கார், எடிட்டர் இருக்கார். "உங்க புரொட்யூசர் யாரு?"ன்னு கேட்டால் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்கிறாங்க. சாப்பாடு வாங்கினது, கேமரா வாடகை கொடுத்தது, போலீஸ் கேட்டால் பதில் சொன்னது, ஹார்ட் டிஸ்க்கை வைத்திருப்பது, எல்லாம் யாரோ ஒருத்தர்தான். அவர் பெயர் டைட்டிலில் 'நன்றி'க்குக் கீழே வரும்.

அவரைத் தயாரிப்பாளர் என்று கூப்பிடுங்க. அது மரியாதைக்காக மட்டும் இல்லை. அப்படிக் கூப்பிட்டால்தான் அவருக்கும் தன் பொறுப்பு என்ன என்று தெரியும். யார் எவ்வளவு போட்டாங்க என்று ஒரு நோட்டில் எழுதுங்க. கதை யாருடையது என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்குங்க, சுந்தர்ராஜை ஞாபகம் வச்சுக்கோங்க. முடிஞ்ச படத்தையும் எடுத்த ஃபுட்டேஜையும் மூணு காப்பி எடுங்க, ஒன்றையாவது வேற ஊரில் வையுங்க. சொந்தக்காரங்க வீடு போதும். ஒரே அறையில் மூணு காப்பி இருந்தால் அது ஒரு காப்பிதான்.

எடுக்கிறதுக்கு ஒரு வெறி போதும். அதைப் பத்து வருஷம் கழிச்சும் ஒருத்தருக்குப் போட்டுக் காட்ட ஓர் ஒழுங்கு வேணும். அந்த ஒழுங்குக்குப் பெயர்தான் தயாரிப்பு. இது நம்ம ஏரியாவுக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டிய விஷயமே இல்லை. ஒரு போல்ட் எந்த நாளில், எந்த ஷிஃப்டில் முடுக்கப்பட்டது என்று பல வருஷத்துக்கு ரெக்கார்டு வைக்கிற ஊர் இது.

நீங்க இருக்கிற ஊரில் யாராவது எடுத்த படம், வெளியாகாமல் போனது, பெட்டியில் கிடப்பது, சிடியில் இருப்பது இருந்தால் எழுதுங்க. டைரக்டர் பெயரோடு தயாரிப்பாளர் பெயரையும் சேர்த்து எழுதுங்க. அடுத்த சில வாரத்தில் அவற்றை வைத்தே ஓர் எபிசோடு பண்ணலாம்னு இருக்கேன்.